எடைவிழுங்கி: என் கதையில வர்ற எந்திரத்துக்கு ஓட்டை எங்கேன்னு சொல்லுங்க

நைட்ஷிஃப்ட்_ஓசூர் · திங்கள், இரவு 2.40

வணக்கம். ராத்திரி ஷிஃப்ட்ல சிஎன்சி மெஷின், அதான் கம்ப்யூட்டர் சொல்றபடி உலோகத்தைச் செதுக்குற மெஷின், ஓட்டுற ஆளு நான். சொந்த ஊரு பர்கூர் பக்கம், அப்பா குவாரியில கல்லு உடைச்சவர். ஒரு வருஷமா செல்போன்லயே ஒரு கதை எழுதிட்டு இருக்கேன். பாதியில நிக்குது, அதான் இங்க வந்தேன்.

கதை நடக்குற உலகம் நம்மளது இல்ல. பேரு கருங்கோடு. செங்குத்தா ஒரு மலை. உச்சியில மேற்கோடுன்னு நகரம், கீழே பள்ளம்னு ஊரு. பள்ளத்துல கல்லு வெட்டுறாங்க, மேற்கோட்டுல மாளிகை கட்டுறாங்க. அங்க கரண்டு கிடையாது, டீசல் கிடையாது. ஆனா எடைவிழுங்கின்னு ஒரு எந்திரம் இருக்கு. மாட்டு வண்டிச் சக்கரம் அளவுக்கு ஒரு வெண்கலத் தட்டு. அதைக் கல்லுக்கு அடியில சொருகிச் சுத்தி விட்டா கல்லோட எடை மொத்தமும் போயிடும். 30 டன் கல்லு பலூன் மாதிரி 50 மீட்டர் மேல ஏறும். உச்சியில ஆளுங்க கையாலேயே இழுத்து வச்சுக்குவாங்க.

என் சிநேகிதன் படிச்சுட்டு "இது மாயாஜாலக் கதைடா"ன்னு சொல்லிட்டான். எனக்கு அது எந்திரமாத்தான் இருக்கணும். எங்கெங்க ஓட்டைன்னு சொல்லுங்க, திட்டினாலும் பரவால்ல.

ஸ்லிங்காரன் · திங்கள், காலை 6.15

தம்பி, முதல்ல ஒண்ணு. குவாரிக்காரர் மகன்னு சொல்ற, ஆனா வாய்க்கு வாய் "கல்லு"ன்னு எழுதுற. வெட்டிச் சதுரம் பண்ணி எடுத்துட்டா அது பிளாக். 

30 டன்னுன்னா எவ்ளோ பெருசுன்னு உன் கதையில எங்கயுமே தெரியல. நம்ம ஊரு கிரானைட் ஒரு கன மீட்டருக்கு 2.7 டன் வரும். பத்தடி நீளம், ஆறரை அடி அகலம், ஆறடி உயரம், அதான் உன் 30 டன். அதுக்குப் பின்னாடி ஆளு நின்னா முன்னாடி இருக்கிறவனுக்குத் தலை கூடத் தெரியாது.

அடுத்தது, "கையாலேயே இழுத்து வச்சுக்குவாங்க"ன்னு எழுதியிருக்க பாரு, அங்கதான் எனக்கு வயித்தைக் கலக்குச்சு. பதினெட்டு வருஷமா கிரேன் ஓட்டுறேன். கொக்கியில தொங்குற பிளாக்கோட எடையைக் கயிறு வாங்கிக்குது. பக்கவாட்டுல தள்ளுறவனுக்கு அது எடையே இல்லாத சாமான் மாதிரிதான் இருக்கும். ஒரு பொடியன் உள்ளங்கையை வச்சு அமுக்கிக்கிட்டே இருந்தாக்கூட மெல்ல நகரும். நகர ஆரம்பிச்சுட்டா, அதே பொடியனால நிறுத்த முடியாது.

நான் தொழிலுக்குப் புதுசா வந்த நேரம், ஒரு குவாரியில ஹெல்ப்பரா இருந்தேன். பிளாக் லேசா ஆடிச்சு, ஒரு சாண் இருக்கும். பின்னாடி பொக்லைன் பக்கெட், நடுவுல என் கை. வேகமே இல்ல, ஆமை மாதிரி வந்துச்சு. அது மெதுவா வந்ததாலதான் கையை எடுக்கத் தோணல, தள்ளிப் பிடிச்சுடலாம்னு நினைச்சேன். இடது கை சுண்டு விரல் பாதி அன்னிக்குப் போனது. சத்தம் கூட வரல.

எடையை உன் எந்திரம் முழுங்கட்டும். அந்த முரட்டுத்தனம் பிளாக்குக்குள்ளயேதான் இருக்கும்.

கிளிமூக்கு · திங்கள், காலை 7.02

படிச்சுட்டு என் விரலை எல்லாம் ஒரு தடவை எண்ணிப் பார்த்துக்கிட்டேன் ணா.

இயற்பியல்_பாலக்கோடு · திங்கள், மாலை 5.30

பிளஸ் டூ பிள்ளைங்களுக்கு இயற்பியல் எடுக்கிறேன். ஸ்லிங்காரன் முரட்டுத்தனம்னு சொன்னதுக்கு எங்க புத்தகத்துல நிலைமம்னு பேரு, அவர் சொன்ன பேரு இன்னும் நல்லா இருக்கு. நிறை வேற, எடை வேற. எடைங்கிறது பூமி இழுக்கிற இழுப்பு. அந்த இழுப்பு போனாலும் நிறை அப்படியேதான் இருக்கும்.

தம்பி, உன் எந்திரத்துல எனக்குத் தெரிஞ்சு மூணு ஓட்டை.

முதல்ல காத்து. தட்டுக்கு மேல ஈர்ப்பே இல்லைன்னா, மேல இருக்கிற காத்துக்கும் எடை இல்ல. ஒரு சதுர மீட்டர் தரை மேல சுமார் 10 டன் காத்து உக்காந்திருக்கு. அந்தத் தூணுக்கு மட்டும் எடை போயிட்டா, சுத்தி இருக்கிற காத்து நாலு பக்கமும் உள்ள பாய்ஞ்சு புகைபோக்கி மாதிரி மேல போகும். உங்க மேற்கோட்டு மாளிகையில ஓடு தங்காது.

ரெண்டாவது, தடுப்பு. மின்சாரத்தைத் தடுத்து மறைக்க முடியும், ஏன்னா அதுல நேர் எதிர்னு ரெண்டு வகை இருக்கு, ஒண்ணை ஒண்ணு அடிச்சுக்கும். நிறைக்கு ஒரே வகைதான். எதிர்ப்பொருள்னு ஒண்ணு இருக்கு, மின்னூட்டம் நேர்மாறா இருக்கிற பொருள்; அதாவது மேல் பக்கமா விழுமான்னு ஐரோப்பாவுல செர்ன் ஆராய்ச்சிக்கூடத்துல எதிர்ஹைட்ரஜனை வச்சுப் பார்த்தாங்க, 2023ல முடிவு வந்துச்சு. அதுவும் கீழதான் விழுது. ஆந்த்ரே கைம்னு ஒரு இயற்பியல் விஞ்ஞானி 1997ல காந்தத்துல ஒரு தவளையை மிதக்க விட்டாரே, அதைச் சொல்லிடாதீங்க. 16 டெஸ்லா காந்தம் தவளையோட ஒவ்வொரு அணுவையும் மேல தள்ளுச்சு. ஈர்ப்பு அங்கேயேதான் இருந்துச்சு. அந்த மனுஷனுக்குத் தவளைக்காக 2000ல கிண்டல் நோபல் கிடைச்சது, 2010ல கிராபீன்ங்கிற ஒரே அணு தடிமன் கார்பன் தகட்டுக்காக நிஜ நோபல்.

மூணாவதுதான் பெரிய ஓட்டை, ஆற்றல் கணக்கு. 30 டன்னை 50 மீட்டர் ஏத்த ஆகுற வேலை 1 கோடியே 47 லட்சம் ஜூல். கேக்கப் பயமா இருக்கா? ஒரு யூனிட் கரண்டுங்கிறது 36 லட்சம் ஜூல். அப்ப மொத்தமே நாலு யூனிட்டுதான். அதைக் கூடக் கட்டாம உன் எந்திரம் ஏத்துச்சுன்னா, மேல போனதும் எடையைத் திருப்பிக் கொடுத்து, அதே பிளாக்கைக் கயித்துல கீழ இறக்கி டைனமோ சுத்தலாம். திரும்ப ஏத்தலாம், திரும்ப இறக்கலாம். சும்மாவே கரண்டு. அப்படி ஒரு உலகத்துல யாரும் கல்லு உடைச்சுக்கிட்டு இருக்க மாட்டாங்க.

இதுக்கு நேர்மாறான கணக்கும் இருக்கு. ஈர்ப்பை முழுசா அணைக்கிறதுன்னா அந்தப் பொருளைப் பூமியோட பிடியில இருந்து மொத்தமா விடுவிக்கிறதுக்குச் சமம். ஒரு கிலோவுக்கு 17 யூனிட்டுக்கு மேல ஆகும். 30 டன்னுக்கு 5 லட்சத்து 20 ஆயிரம் யூனிட். பிளாக் ஒரு அங்குலம் நகரும் முன்னாடி, தட்டைச் சுத்தினதுக்கே இந்த பில்.

கிளிமூக்கு · திங்கள், மாலை 5.41

வீட்டுக்கு ரெண்டு மாசத்துக்கு நூறு யூனிட் ஃப்ரீ. நாலு யூனிட் கணக்குல 24 பிளாக் ஓசியில ஏத்தலாம். நான் மாங்கா மண்டியை விட்டுட்டுக் குவாரிக்கு வந்துடறேன்.

ஸ்லிங்காரன் · திங்கள், இரவு 8.10

டீச்சர், நாலு யூனிட்டா? என் கிரேன் குடிக்கிற டீசலை உங்களுக்குக் காட்டணும். மீதி எல்லாம் சூடாவும் சத்தமாவும் போகுதுன்னு தெரியும், இருந்தாலும் மனசு ஆறல.

பதினாறு_சக்கரம் · செவ்வாய், அதிகாலை 4.20

தருமபுரி டீக்கடையில வண்டியைப் போட்டுட்டுப் படிக்கிறேன். தம்பி, உன் கதை எப்படியோ போகட்டும், அந்தத் தட்டை எனக்கு ஒரு மணி நேரம் கொடு, தொப்பூர் கணவாய் இறங்குற வரைக்கும். எந்த கியர்ல ஏறுவியோ அதே கியர்ல இறங்குன்னு எங்க குரு சொல்லுவார். டீசல் மிச்சம்னு நியூட்ரல்ல விட்டவன் கதையெல்லாம் அந்த ரோட்டோரத்துலதான் கிடக்கு. பிரேக் டிரம் சூடாகி வாசனை வரும் பாருங்க, அது வந்துட்டா அப்புறம் சாமிதான். வண்டி எடையைப் பாதியாக் குறைச்சாப் போதும், நிம்மதியா இறங்கிடுவேன்.

இயற்பியல்_பாலக்கோடு · செவ்வாய், காலை 6.50

அண்ணா, தயவு செஞ்சு அந்தத் தட்டைக் கையால தொடாதீங்க. 40 டன் லாரி 100 மீட்டர் உயரம் இறங்கினா சுமார் 11 யூனிட் சூடு உங்க டிரம்முலயும் இன்ஜின்லயும்தான் இறங்கணும், அது உண்மை. ஆனா டயர் ரோட்டைப் பிடிக்கிறதே எடையாலதான். எடை பாதின்னா பிடிப்பும் பாதி. நிறை அப்படியே இருக்கும். வளைவுல ஸ்டீயரிங் திருப்புவீங்க, வண்டி நேராப் போகும்.

பதினாறு_சக்கரம் · செவ்வாய், காலை 9.35

காலி வண்டி மழையில வழுக்குமே, அது மாதிரின்னு வச்சுக்கலாமா? சரி டீச்சர், வேணாம். பழைய கியர்லயே இறங்கிக்கிறேன்.

ராகிக்காடு · செவ்வாய், காலை 10.12

தேன்கனிக்கோட்டைப் பக்கம். ராத்திரி ராகிக் காட்டுல ஆனை இறங்குது. ஆனைக்கு அடியில தட்டைச் சொருகுறது யாருன்னு மட்டும் முடிவு பண்ணிச் சொல்லுங்க.

கிளிமூக்கு · செவ்வாய், மதியம் 1.20

இப்ப சீரியஸா ஒண்ணு. எடையைக் குறைக்கிற எந்திரம் ஒரு உலகத்துல இருந்தா அது முதல்ல போய்ச் சேருற இடம் மண்டிதான். நான் காவேரிப்பட்டணம் பக்கம், ரெண்டு ஏக்கர் பெங்களூரா மாமரம் வச்சிருக்கேன். எடை மேடையில வண்டி ஏறும்போது நம்ம கண்ணு அந்தச் சிவப்பு நம்பர்லயே இருக்கும். அடியில ஒரு சின்னத் தட்டைப் புதைச்சு வச்சா மண்டிக்காரன் ஒரு டன்னுக்கு இருபது கிலோ விழுங்கிடுவான், அதுக்கு மேல கழிவுன்னு வேற பிடிப்பான்.

இதுக்கு என்ன மருந்துன்னு யோசிச்சேன். பழைய ரெட்டைத் தட்டு தராசு ஏமாறாது இல்லையா டீச்சர்? மாங்காவுக்குக் குறைஞ்சா படிக்கல்லுக்கும் அதே அளவு குறையும்.

இயற்பியல்_பாலக்கோடு · செவ்வாய், மாலை 5.15

பிரமாதம். தராசு நிறையை நிறையோட ஒப்பிடுது, எலக்ட்ரானிக் மெஷின் இழுப்பை அளக்குது. நம்ம உலகத்துலயே இது நடக்குது. சென்னையில சரி பண்ணின எடை மேடையை அப்படியே சுமார் 900 மீட்டர் உயரத்துல இருக்கிற ஓசூருக்குத் தூக்கிட்டு வந்தா, 10 டன் சரக்குக்கு ரெண்டு, ரெண்டரை கிலோ குறைச்சுக் காட்டும். அதனாலதான் மெஷினை அது நிக்கிற இடத்துலயே வச்சுச் சரி பாக்கணும். தராசுக்கு அந்தக் கவலை கிடையாது.

தகடூரான் · செவ்வாய், இரவு 9.00

எல்லாரும் கணக்குப் போட்டுக்கிட்டே இருங்க. கிருஷ்ணகிரி பக்கம் மல்லச்சந்திரம் மலையில போய்க் கல்திட்டைகளை, அந்தக் காலத்துக் கல் சமாதிகளைப் பாருங்க. அவ்ளோ பெரிய பலகைக் கல்லை அந்தக் காலத்துல எப்படித் தூக்கி மூடியா வச்சான்? இந்த எந்திரம் நம்ம முன்னோர்கிட்ட இருந்திருக்கு. வெளிநாட்டுக்காரன் மறைச்சுட்டான்.

ஸ்லிங்காரன் · செவ்வாய், இரவு 9.22

தம்பி, நான் அங்க போயிருக்கேன். ஏணி இல்லாம, எந்திரம் இல்லாம நானே வச்சுக் காட்டுவேன், இருபது ஆளும் ஒரு வாரமும் கொடு. நம்ம பாறை வெங்காயம் மாதிரி, மேல் தோல் தகடு தகடா உரியும். கீழே விறகைப் போட்டுச் சூடாக்கினா விரிசல் ஓடும், கடப்பாரை போட்டா எழும்பிக்கும். இதை எங்க தாத்தா செஞ்சதைக் கண்ணால பார்த்தவன் நான். அப்புறம் மண்ணைக் கொட்டிச் சரிவு, கீழே உருட்டுக் கட்டை, பின்னாடி நெம்பு. கல்லு ஏறிடும்.

பெருமைப்படணும்னா வேற இருக்கு. நம்ம மாவட்டத்து மயிலாடும்பாறையில கிடைச்ச இரும்பு கிமு 2172ன்னு 2022ல அறிவிச்சாங்களே. நாலாயிரம் வருஷத்துக்கு மேல ஆன கடப்பாரை வம்சம்டா நாம. அந்த மனுஷங்க வேர்வையை எடுத்து எந்திரத்துக்குக் கொடுக்காத.

தகடூரான் · செவ்வாய், இரவு 9.25

அதான், மறைச்சுட்டாங்கன்னு சொல்றேன்.

மட்டுறுத்துநர் · செவ்வாய், இரவு 9.40

முன்னோர் விஷயத்துக்குத் தனி இழை இருக்கு, அங்க போங்க. இங்க கதை மட்டும்.

பென்னாகரம்_மருமக · செவ்வாய், இரவு 11.05

நான் கதை எழுதுறவ இல்ல, படிக்கிறவ. ரெண்டு நாளா உங்க சண்டையைப் படிச்சுட்டு அடுப்புல பாலைப் பொங்க விட்டேன்.

ஒரே ஒரு கேள்வி. எடைவிழுங்கின்னு பேரு வச்சிருக்கீங்க. விழுங்கின எடை எங்க போகுது?

சின்ன வயசுல எங்க ஊருல நல்ல தண்ணிக்கு ஒன்றரை மைல் நடக்கணும். பக்கத்துலயே போர் இருந்துச்சு, அந்தத் தண்ணியைக் குடிச்சுத்தான் எங்க செட்டுல பாதிப் பேருக்குப் பல்லுல பழுப்புக் கறை. இப்ப ஒகேனக்கல் தண்ணி குழாயில வருது. ஆறு பள்ளத்துல ஓடுது, ஊரெல்லாம் மேட்டுல. திறந்தா தண்ணி வருதுன்னா, அங்க ராவும் பகலும் ஒரு மோட்டார் இழுத்துக்கிட்டு இருக்குன்னு அர்த்தம். எங்க அம்மா தலையில இருந்த கனம் அந்த மோட்டாருக்குப் போயிடுச்சு. எங்கயும் காணாமப் போகல.

அம்மா தண்ணி தூக்கப் போறப்ப பழைய சேலைத் துணியை முறுக்கி, கையில ரெண்டு சுத்துச் சுத்தி, முனையை உள்ள சொருகி சும்மாடு பண்ணுவாங்க. குடம் உக்காரணும்னா அது வேணும். கனத்தைக் குறைக்காது. ஆனா ஒரே இடத்துல குத்தாம மண்டை முழுக்கப் பரப்பிவிடும். எனக்கு உங்க வெண்கலத் தட்டை விடச் சும்மாடுதான் எந்திரமாத் தெரியுது.

இன்னொண்ணு, சந்தைக்குப் போற வழியில சுமைதாங்கி இருக்கும், ரெண்டு கல்லை நட்டு மேல ஒரு கல்லைப் படுக்க வச்சது. தலைச்சுமையை இறக்க ஒரு கை, தூக்கிவிட ஒரு கை வேணும், தனியா வர்றவளுக்கு யாரு? அந்த உயரத்துல கல்லு இருந்தா அப்படியே சாஞ்சு வச்சுட்டு, அப்படியே எடுத்துக்கலாம். பிள்ளையோட செத்துப்போன கர்ப்பிணி பேர்ல அதை நடுவாங்க. வயித்துச் சுமையை இறக்காமப் போனவளுக்காக, ஊரார் சுமையை இறக்க ஒரு இடம்.

உங்க உலகத்துலயும் அப்படி ஒண்ணு வேணும்னு தோணுச்சு. தப்பா இருந்தா விட்டுடுங்க.

நைட்ஷிஃப்ட்_ஓசூர் · புதன், இரவு 1.15

அக்கா. ஒரு மணி நேரமா மெஷினை ஓட விட்டுட்டு இதையேதான் திரும்பத் திரும்பப் படிக்கிறேன். சூப்பர்வைசர் ரெண்டு தடவை வந்து பார்த்துட்டுப் போயிட்டார்.

எடையை விழுங்க வேணாம், கைமாத்திக்கலாம். பிளாக்குக்கு அடியில பெரிய சும்மாடு, உலோகத்துல முறுக்கினது. அது கனத்தை உறிஞ்சி வேற இடத்துல இறக்கும். பிளாக் இழந்த கனம் முழுக்க யார் மேலயாவது இருக்கும். இப்படி வச்சா டீச்சர் கணக்கு ஒத்து வருமா?

இயற்பியல்_பாலக்கோடு · புதன், மாலை 6.05

அருமையா ஒத்து வரும். கிணத்துல தண்ணி இறைக்கிற பழைய ஏத்தம் ஞாபகம் வருது. ஏத்த மரத்து மேல ஆளுங்க முன்னும் பின்னும் நடப்பாங்க, அவங்க எடை இந்தப் பக்கம் இறங்க, அந்தப் பக்கம் சால் தண்ணியோட ஏறும். அது மாதிரி, 600 பேர் வாங்கிக்கிறாங்கன்னு வை. தலைக்கு 50 கிலோ, மொத்தம் 30 டன். அவங்க அந்தக் கனத்தோட 50 மீட்டர் படி இறங்கினா, பிளாக் 50 மீட்டர் ஏறும். கணக்கு சமம்.

பிளஸ்டூ_பையன் · புதன், இரவு 10.30

டீச்சர், நான் உங்க ஸ்கூல் இல்ல, அதனால தைரியமாச் சொல்றேன். இறங்கக் கூடாது, ஏறணும்.

ஏத்தத்துல மரமும் கழியும் இருக்கு, இறங்குறவரோட வேலை அது வழியா சாலுக்குப் போய்ச் சேருது. இங்க நடுவுல ஒண்ணும் இல்லையே? கனத்தோட இறங்கினா அந்த வேலை முழுக்க அவங்க முழங்கால்லயே சூடா வீணாப் போயிடும், பிளாக்குக்கு வராது. கனம் 50 மீட்டர் மேல போகணும்னா, அதை யாராவது 50 மீட்டர் மேல சுமந்துட்டுப் போகணும். பிளாக் தனியா மிதந்து வரும், அதோட கனம் 600 தலையில தனியா படி ஏறி வரும். உச்சியில ரெண்டும் சேரும்.

இயற்பியல்_பாலக்கோடு · வியாழன், காலை 6.20

ராத்திரி தாளும் பேனாவுமா உக்காந்து போட்டுப் பார்த்தேன். பையன் சொல்றதுதான் சரி, நான் சொன்னது தப்பு. நாலு யூனிட் வேலையை 600 பேர் கால் செய்யுது. ஓசியும் இல்ல, 5 லட்சம் யூனிட் பில்லும் இல்ல. காத்துப் பிரச்சினையும் போச்சு, ஏன்னா சும்மாடு தொட்ட பொருளோட கனத்தை மட்டும்தான் எடுக்குது. ஈர்ப்பைத் தடுக்கல, கனத்தைக் கைமாத்துது. இப்படி ஒரு பொருள் நிஜத்துல கிடையாது. ஆனா ஒரு பொய்யைத்தான் சொல்ற, அதுக்கப்புறம் எல்லாமே ஒழுங்கா நடக்குது. கதைக்கு அது போதும்.

தம்பி, எந்த ஸ்கூலா இருந்தாலும் பரவால்ல, பிராக்டிகல்ல முழு மார்க் வாங்கு.

ஸ்லிங்காரன் · வியாழன், காலை 7.45

எனக்கு இப்பத்தான் புரியுது, இதுல என்ன லாபம்னு. பிளாக்கை 600 துண்டா வெட்டினா அது ஜல்லி. கனத்தை 600 துண்டாப் போட்டாலும் பிளாக் முழுசா இருக்கும். எங்க முதலாளிங்க இதைக் கேட்டா விடமாட்டாங்க.

சரி, ஒருத்தன் கால் இடறி விழுந்தா அவன் 50 கிலோ எங்க போகும்?

நைட்ஷிஃப்ட்_ஓசூர் · வெள்ளி, இரவு 12.50

பிளாக்குக்கே திரும்பிடும்னு வச்சிருக்கேன் ணா.

பிளஸ்டூ_பையன் · வெள்ளி, இரவு 12.58

30 டன் நிறை மேல 50 கிலோ இழுப்பு. முதல் பத்து செகண்டுல முக்கால் மீட்டருக்குக் கொஞ்சம் மேல இறங்கும். கவனிக்காம விட்டா ஒரு நிமிஷத்துல 29 மீட்டர். அப்ப வேகம் மணிக்கு 3.5 கிலோமீட்டர். ரொம்ப இல்ல, மனுஷன் நடக்குற வேகம்தான்.

ஸ்லிங்காரன் · வெள்ளி, காலை 6.05

30 டன் நடந்து வர்றதை நான் பார்த்திருக்கேன் தம்பி. மேல சொன்னேனே.

அதனாலதான் அந்தம்மா சொன்ன சுமைதாங்கி கட்டாயம் வேணும். முப்பது படிக்கு ஒண்ணு வை. மயக்கம் வர்றவன் விழறதுக்கு முன்னாடி கனத்தை அது மேல இறக்கி வச்சுடணும். கனம் அந்த உயரத்துலயே நிக்கும், பிளாக்கும் ஆடாது.

கிளிமூக்கு · வெள்ளி, காலை 8.30

நம்ம தராசு என்ன ஆச்சு? தலைச் சும்மாட்டைத் தட்டுல வச்சா இப்பக் காட்டுமா?

நைட்ஷிஃப்ட்_ஓசூர் · வெள்ளி, காலை 8.41

காட்டும் ணா. மத்த தட்டுல இருக்கிற படிக்கல்லு மேல யாரும் கனம் ஏத்தலையே. தலைக்கு 50ன்னு சொல்லிட்டு 60 ஏத்துறானான்னு பள்ளத்து ஜனங்க ராத்திரியில திருட்டுத்தனமா நிறுத்துப் பாக்குற ஒரு அத்தியாயம் எழுதிட்டேன். அந்தத் தராசுக்காரருக்கு உங்க மீசை.

பதினாறு_சக்கரம் · வெள்ளி, மதியம் 2.10

மேல இருக்கிறவங்களுக்கு இதெல்லாம் தெரியுமா?

நைட்ஷிஃப்ட்_ஓசூர் · சனி, இரவு 3.30

படி மலைக்குப் பின்பக்கம் இருக்கு ணா. மேற்கோட்டு முற்றத்துல இருந்து பார்த்தா பிளாக் மட்டும்தான் தெரியும். எடைவிழுங்கின்னு பேரு வச்சது அவங்கதான். பள்ளத்துல அதுக்குச் சும்மாடுன்னுதான் பேரு.

புது ஆரம்பம் கீழே. படிச்சுட்டுச் சொல்லுங்க.

*கொம்பு ஊதினார்கள். மாதி சும்மாட்டைத் தலையில் வைத்து, வைத்த இடம் சரிதானா என்று விரலால் ஒருமுறை சுற்றிப் பார்த்துக்கொண்டாள். கம்பி குளிர்ந்திருந்தது. முன்னால் நின்ற கிழவியின் தலையிலும் வெறும் வளையம்தான், அவளுக்கு முன்னால் நின்ற பையன் தலையிலும். பார்க்கிறவனுக்கு 600 பேர் காலித் தலையோடு வரிசையில் நிற்பது சிரிப்பாக இருக்கும். பார்க்க யாரும் வருவதில்லை.*

*இரண்டாம் கொம்பு. கனம் வந்தது. அது எப்போதும் ஒரே மாதிரி வருவதில்லை. இன்று ஒரு பக்கமாகச் சாய்ந்து வந்தது, பிளாக்கின் ஒரு மூலை இன்னும் பாறையோடு ஒட்டிக்கொண்டிருக்கிறது போல. மாதி கழுத்தை இடப்பக்கம் கால் விரற்கடை நகர்த்தினாள். பின்னால் யாரோ பல்லைக் கடிக்கும் சத்தம். கிழவியின் குதிகால் வெடிப்பில் மண் பிதுங்கியது.*

*முதல் படி. மலைக்கு அந்தப் பக்கம், அவர்கள் யாருக்கும் தெரியாத இடத்தில், ஆறடி உயர பிளாக் தரையை விட்டு ஒரு படி உயரம் மிதந்தது. முற்றத்தில் கைதட்டினார்கள். கைதட்டல் மலையைச் சுற்றி வந்து சேர்வதற்குள் மாதி மூன்றாம் படியில் இருந்தாள். இன்னும் 247.*

ஸ்லிங்காரன் · சனி, காலை 6.40

"மிதந்தது" வேணாம். தரையை விட்டுப் பிரியுற நேரத்துல பிளாக் ஒரு தடவை முனகும், அடியில சின்னச் சில்லு உதிரும். அப்புறம் மெல்லத் திரும்பும், எப்பவும் திரும்பும். ரெண்டு பேர் கயித்தைப் பிடிச்சுக்கிட்டு நிக்கணும். மூலை ஒட்டிக்கிட்டு இருக்கிறதைக் கழுத்து கண்டுபிடிக்குது பாரு, அது நல்லா இருக்கு. எங்க ஆளுங்க அதைக் கயித்துச் சத்தத்துல கண்டுபிடிப்பாங்க.

பென்னாகரம்_மருமக · சனி, காலை 9.15

வெறும் வயித்துல 250 படியா? காலையில அவளுக்கு ஏதாவது கொடுங்க தம்பி.

நைட்ஷிஃப்ட்_ஓசூர் · சனி, காலை 9.20

சேர்த்துட்டேன் க்கா. ஒரு உருண்டை களி, கீரைக் கடைசல். மடியில இன்னொரு உருண்டை, கிழவிக்கு.